டெம்பர் போடாத பன்னிரண்டு பின்கள்

எங்கள் அக்காவின் முதலாம் ஆண்டு நினைவு நாளில் இந்த மலரைக் கையில் வாங்கியிருக்கும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் வணக்கம். அட்டையில் ‘நெருப்பில் புடம்போட்ட வாழ்க்கை’ என்று அச்சிட வேண்டும் என்று எங்கள் சித்தப்பா மகன் ஒற்றைக்காலில் நின்றான். நான்தான் வேண்டாம் என்றேன். அக்கா இருபத்தைந்து வருடங்களுக்கு மேல் உருக்கைச் சூடாக்கிப் பதப்படுத்தும் தொழில் செய்தவர். மேடையில் யாராவது இப்படிப் பேசினால் அவருக்குச் சிரிப்பு வந்துவிடும். “சுட்டா மட்டும் போருமாலே? எப்படி ஆறவிட்டான்னு கேளு” என்று என் காதில் சொல்வார்.

நினைவு மலர் என்றால் போனவரின் நல்ல குணங்களை எழுதுவது வழக்கம். அதற்கு எனக்குத் தடையில்லை. அக்காவிடம் அவை வேண்டிய மட்டும் இருந்தன. ஆனால் அக்காவைப் பற்றி நம் உறவில் இன்னொரு பேச்சும் உண்டு. அவர் பதப்படுத்திக் கொடுத்த ஓர் உருக்குப் பின், அதாவது முளை, முறிந்து, விழிஞ்ஞத்தில் ஒரு மனிதருக்கு இரண்டு விரல்கள் போயின. பெண்பிள்ளை செய்யக்கூடாத வேலையைச் செய்ததால் வந்தது என்று அதற்கு வால் ஒட்டிச் சொல்வார்கள். அந்தப் பேச்சில் பாதிதான் உண்மை. மீதிப் பாதி பதினெட்டு வருடமாக என்னிடம் இருக்கிறது. இந்த மலரிலும் அதை எழுதாமல் விட்டால் அக்காவின் பெயர் அப்படியே நின்றுவிடும்.

அக்கா பிறந்தது நாஞ்சில் நாட்டில் பூதப்பாண்டியில். நான் பிறப்பதற்குள் அப்பாவுக்குத் திருவனந்தபுரம் சாலைக் கடைத்தெருவில் ஓர் இரும்புக் கடையில் வேலை கிடைத்து, குடும்பம் கரமனைக்கு வந்துவிட்டது. எனக்கும் அக்காவுக்கும் ஆறு வயது வித்தியாசம். வீட்டில் தமிழ், பள்ளியில் மலையாளம், கடையில் இரண்டும் கலந்து என்று வளர்ந்தோம். பெண்கள் பாலிடெக்னிக்கில் மெக்கானிக்கல் எடுக்கப் போகிறேன் என்று அக்கா சொன்னபோது அம்மா மூன்று நாள் பேசவில்லை. அப்பா மட்டும், “நான் விக்கிற சாதனம் என்னன்னு என் வீட்டுல ஒருத்தருக்காவது தெரியட்டு” என்று சம்மதித்தார். இரண்டாம் வருடத்தில் அம்மா இறந்துபோனார்கள். அதன்பிறகு அக்கா காலையில் எங்களுக்குச் சோறு வடித்து வைத்துவிட்டுத்தான் வகுப்புக்குப் போனார். எனக்குத் தலை வாரிவிட்டதும் அவர்தான், ஐ.டி.ஐ.யில் சேர்த்துவிட்டதும் அவர்தான்.

படிப்பு முடிந்து ஒரு தொழிற்சாலையின் சோதனைக் கூடத்தில் சில வருடம் வேலை பார்த்தார். பிறகு பாப்பனங்கோட்டுத் தொழிற்பேட்டையில் ஒரு சிறிய ஷெட் எடுத்து இரண்டு மின்சார உலைகள் வைத்தார். ஒன்று பெரியது, உருக்கைக் கெட்டியாக்க. இன்னொன்று சிறியது, டெம்பர் போட. உள்வேலை முழுதும் அக்கா. வெளிவேலை நான். ஆர்டர் பிடிப்பது, கொண்டுபோய்க் கொடுப்பது, பேசிச் சமாளிப்பது எல்லாம் என் பொறுப்பு. பேச்சில் எனக்கு யாரும் குறை சொன்னதில்லை.

அந்தத் தொழில் என்னவென்று நம் உறவினர் பலருக்குத் தெரியாது. அக்காவைப் பெண் பார்க்க வந்தபோது அத்தானின் அம்மாவும் அதைத்தான் கேட்டார்கள். “இரும்பைச் சுட்டு என்ன செய்வே மக்கா? கொல்லன் வேலையா?” வந்தவர்களுக்குக் காப்பி கொண்டுவந்த அக்கா டம்ளர்களை வைத்துவிட்டு, “அடுக்களைக்கு வாருங்க அத்தை, காட்டித் தாறேன்” என்றார். இந்தச் சம்பந்தம் போயிற்று என்றே நினைத்தேன்.

அக்கா தையல் ஊசிகள் மூன்றை எடுத்து, இடுக்கியால் பிடித்து, கேஸ் அடுப்பில் ஒவ்வொன்றாகச் சிவக்கக் காட்டினார். முதல் ஊசியைத் தீயிலிருந்து மெல்ல மெல்ல விலக்கித் தானாக ஆறவிட்டார். அது கம்பி மாதிரி வளைந்தது. வளைந்தது வளைந்தபடியே நின்றது. இரண்டாவதைச் சிவந்த சூட்டிலேயே தண்ணீரில் போட்டார். ‘சுர்’ என்றது. அத்தானின் அம்மாவிடம் கொடுத்து, வளைத்துப் பாருங்கள் என்றார். விரலால் அழுத்தியவுடன் அது இரண்டாக முறிந்தது. மூன்றாவதையும் அப்படியே தண்ணீரில் போட்டு எடுத்தார். ஆனால் அதை உப்புத்தாளில் தேய்த்து வெளுப்பாக்கி, தீக்கு மேலே உயரத்தில் பிடித்து லேசாகச் சூடுகாட்டினார். ஊசியின் நிறம் வைக்கோல் மஞ்சளாகி, பழுப்பாகி, பிறகு நீலமானது. அதை வளைத்தால் வளைந்தது, விட்டால் நிமிர்ந்து பழையபடி நின்றது.

“மூணும் ஒரே பாக்கெட் ஊசிதான் அத்தை. சூடு காட்டுறதும் ஆறவைக்கிறதும்தான் வேற வேற. ரெண்டாவது ஊசிதான் இருக்கிறதுல கெட்டி. ஆனா ஒண்ணுக்கும் உதவாது. அதுக்கு மூணாவதுல செய்த மாதிரி திரும்பக் கொஞ்சம் சூடு கொடுக்கணும். அதுக்குப் பேருதான் டெம்பர்” என்றார் அக்கா. அத்தானின் அம்மா முறிந்த ஊசியையும் நிமிர்ந்த ஊசியையும் மாறி மாறிப் பார்த்தார்கள். கூடத்துக்கு வந்து அத்தானிடம், “இவ கொல்லத்தி இல்லடா, டாக்டரு” என்றார்கள். அடுத்த மாதம் கல்யாணம் நடந்தது.

அக்காவிடம் வந்த வேலைகள் பலவகை. பொன்முடிப் பக்கத்துத் தேயிலைத் தோட்டங்களிலிருந்து கவாத்துக் கத்திகள் வரும். தேயிலைச் செடியின் தடித்த கிளைகளை வெட்டும் கத்தி அது. கெட்டி அதிகமானால் வெட்டும் வாய் பொடிந்துவிடும், குறைந்தால் மழுங்கிவிடும். ஒருமுறை, கத்தி சரியில்லை என்று தோட்டத்திலிருந்து சொல்லி அனுப்பியபோது, அக்கா போனில் பேசி முடிக்காமல் காலை பஸ்ஸில் மலையேறிப் போய், தோட்டத்து லயங்களில் குடியிருக்கும் பெண்கள் வெட்டுவதை ஒருநாள் முழுதும் நின்று பார்த்தார். இங்கே பட்டறையில் மரத்துண்டை வெட்டிச் சோதித்தது தப்பு, அங்கே கிளையோடு கல்லும் சேர்ந்து வெட்டுப்படுகிறது என்று கண்டுபிடித்து வந்தார். அந்தப் பெண்கள் அதற்குப் பிறகு அவரைக் ‘கத்தியக்கா’ என்றுதான் கூப்பிட்டார்கள்.

அக்காவுக்குப் பட்டறையில் விட்டுக்கொடுக்காத சட்டங்கள் இரண்டு உண்டு. ஒன்று, பெரிய உலையில் சிவக்கச் சூடாக்கி எண்ணெயில் போட்டுக் கெட்டியாக்கிய உருக்கு, முழுதும் ஆறுவதற்கு முன், கை பொறுக்கும் சூட்டில் இருக்கும்போதே டெம்பர் உலைக்குள் போய்விட வேண்டும். எண்ணெயிலிருந்து வந்த உருக்குக்குள் இழுவிசை முறுக்கேறி நிற்கும், அதைக் காக்க வைத்தால் யாரும் தொடாமலே கீறல் விழும் என்பார். இரண்டு, டெம்பர் முடிந்த ஒவ்வொரு சரக்கையும் கெட்டி பார்க்கும் இயந்திரத்தில் வைத்து, முள் காட்டும் எண்ணை அட்டையில் எழுதி, ஒப்புப் போட்ட பிறகுதான் வெளியே விடலாம். கையெழுத்துக்கு நாங்கள் ஒப்பு என்றுதான் சொல்வோம். இந்த இரண்டும் அக்காவின் பிடிவாதம் என்று நான் வெளியில் கேலி பேசிக்கொண்டு திரிந்தேன். அரத்தை வைத்துத் தேய்த்தால் வழுக்கிக்கொண்டு போகிறது, வாடிக்கையாளர் அதைப் பார்த்தே ஆகா என்கிறார், இதற்குமேல் என்ன வேண்டும் என்பது என் ஞானம்.

இனி அந்த நாளுக்கு வருகிறேன்.

விழிஞ்ஞம் துறைமுகத்தருகே படகு பழுதுபார்க்கும் யார்டு ஒன்றிலிருந்து பன்னிரண்டு பின்கள் வந்திருந்தன. மீன்பிடிப் படகில் வலையை இழுக்கும் விஞ்சில் கம்பிக் கயிற்றின் கப்பியைத் தாங்கும் பின்கள். பெருவிரல் தடிப்பு, ஒரு சாண் நீளம். அன்று துர்காஷ்டமி. நம்மூர் வழக்கம் இங்கே பிறந்து வளர்ந்தவர்களுக்குத் தெரியும், வெளியூரிலிருந்து படிப்பவர்களுக்காகச் சொல்கிறேன். அன்று மாலை புத்தகங்களையும் தொழில் கருவிகளையும் பூஜைக்கு வைத்துவிட்டால், விஜயதசமி காலையில் பூஜை எடுக்கும் வரை யாரும் அவற்றைத் தொடக்கூடாது. ஷெட்டு ஷெட்டாகப் பூஜை வைக்க ஒரு போற்றியை, கோயில் பூசாரியை, நான்தான் ஏற்பாடு செய்திருந்தேன். எங்கள் ஷெட்டுக்கு ஐந்தரை மணிக்கு வருவதாகச் சொல்லியிருந்தார்.

நான்கு மணிக்கு அக்கா பின்களை எண்ணெயில் போட்டு எடுத்தார். டெம்பர் உலை சூடேறித் தயாராக இருந்தது. அந்த நேரத்தில் அத்தானிடமிருந்து போன். அவருடைய அம்மா குளிமுறியில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பு முறிந்துவிட்டது. அக்கா கைகழுவிக்கொண்டே என்னிடம் சொன்னார்: “லே, சூடு ஆறதுக்குள்ள பின்னு பன்னிரண்டையும் உள்ள வச்சிரு. ரெண்டு மணிக்கூர். அது கழிஞ்சு பூஜை வச்சாப் போரும். போற்றி காத்திருக்கட்டு.” நான் சரி என்றேன். அவர் ஆட்டோவில் ஏறிப் போனார்.

இரண்டு மணி நேரம் என்றால் ஆறே கால், ஆறரை ஆகிவிடும். போற்றி வந்து நிற்பார், உலை எரிந்துகொண்டிருக்கும், அதன்மேல் சந்தனம் எப்படி வைப்பது, மாலை எப்படிப் போடுவது? பக்கத்து ஷெட்டுக்காரர்கள் எல்லாம் கழுவித் துடைத்துத் தோரணம் கட்டியிருந்தார்கள். பின்களை எடுத்து அரத்தை வைத்துப் பார்த்தேன், வழுக்கியது. நல்ல கெட்டி. ரெண்டு நாள் கழித்துப் போட்டால் என்ன குடிமுழுகிவிடும் என்று உலையை அணைத்தேன். போற்றி சொன்ன நேரத்துக்கு வந்தார். வாழையிலையில் பின்களை வரிசையாக அடுக்கி, அவற்றுக்கும் சேர்த்துத்தான் பூஜை நடந்தது. நன்றாக இருந்தது என்று எல்லோரும் சொன்னார்கள்.

விஜயதசமி காலை எட்டு மணிக்குப் பூஜை எடுத்தேன். டெம்பர் உலையைப் போடலாம் என்று கையை நீட்டுகிறேன், யார்டுக்காரர் வண்டியோடு வாசலில் நிற்கிறார். அதே நேரம் அக்காவும் வந்தார். இரண்டு இரவு ஆஸ்பத்திரியில் விழித்திருந்த கண்கள். ஒப்பு வாங்கத் தயாராக அட்டை மேஜைமேல் இருந்தது. “டெம்பர் போட்டாச்சா?” என்று கேட்டார். போடவில்லை என்றால் அங்கேயே, யார்டுக்காரர் முன்னால், எனக்கு மண்டகப்படி நடக்கும். “ஆச்சு” என்றேன். அக்கா கெட்டி பார்க்கும் இயந்திரத்தைத் திரும்பிப் பார்த்தார். அதன்மேல் நான் சாத்திய மாலை கிடந்தது. யார்டுக்காரர், “படகு இறங்கணும் சேச்சீ, சமயமாயி” என்றார். அக்கா அட்டையில் ஒப்புப் போட்டார். அவர் வாழ்க்கையில் சோதிக்காமல் போட்ட ஒப்பு அது ஒன்றுதான்.

இருபது நாள் கழித்து, ஒருநாள் காலை, யார்டுக்காரர் பின்னின் இரண்டு துண்டுகளைத் துணியில் பொதிந்து கொண்டுவந்தார். கப்பி கீழே விழுந்து, விஞ்சில் நின்ற பத்ரோஸ் என்பவரின் வலதுகையை நசுக்கியிருந்தது. இரண்டு விரல்களை எடுத்துவிட்டார்கள் என்றார். அக்கா முறிந்த முகத்தை வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தார். நல்ல உருக்கு முறியும் முன் கொஞ்சமாவது வளைந்து கொடுக்கும், முறிந்த இடத்தில் அதன் தடம் இருக்கும். இது கண்ணாடி போலச் சட்டென்று, நேராக முறிந்திருந்தது. அவர் ஒரு துண்டைக் கெட்டி பார்க்கும் இயந்திரத்தில் வைத்தார். முள் போய் நின்ற இடத்தை நானும் பார்த்தேன். டெம்பர் போட்ட பின்னில் அது அங்கே நிற்காது.

“ஆருடெ தெற்றாணு இது?” என்றார் யார்டுக்காரர். யாருடைய தப்பு என்று கேட்கிறார். அக்கா என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன். “என் தப்பு. அட்டையில என் ஒப்புதானே இருக்கு” என்றார் அக்கா. அடுத்த மூச்சில், “பாக்கி பதினொண்ணும் எங்க?” என்று கேட்டார்.

நான்கு பின்கள் யார்டு அலமாரியில் இருந்தன. மீதி ஏழும் ஏழு படகுகளில் ஏறிவிட்டன. அக்கா புடவையைச் சொருகிக்கொண்டு என் ஸ்கூட்டரில் ஏறினார். விழிஞ்ஞம் போய்ச் சேர்ந்தோம். அலமாரியிலிருந்த நான்கையும் பையில் போட்டுக்கொண்டு துறைமுகத்தில் ஒவ்வொரு படகாக இறங்கினோம். ஆறு படகுகள் கரையில் நின்றன. சிலர் கழற்ற விடவில்லை. நல்ல கெட்டிச் சாதனம், எதற்குக் கழற்ற வேண்டும் என்று சண்டைக்கு வந்தார்கள். கெட்டியாக இருப்பதுதான் குற்றம் என்று அவர்களுக்கு அக்கா விளக்கி முடிப்பதற்குள் போதும் போதும் என்றாகிவிட்டது. கடைசியில் ஆறும் வந்தன. ஏழாவது படகு கடலில் இருந்தது.

மத்தியானம் இரண்டு மணியிலிருந்து காத்திருந்தோம். மீன் விற்கும் ஒரு பெண் பெட்டியைக் கவிழ்த்துப் போட்டு அக்காவை உட்காரச் சொன்னாள். அவர் உட்காரவில்லை. அந்தப் படகில் இந்நேரம் வலை இழுத்துக்கொண்டிருப்பார்கள், யாரோ ஒருவன் கப்பிக்கு அடியில் கை வைத்திருப்பான் என்ற நினைப்பு எங்கள் இருவருக்கும். என்னால் தாங்க முடியவில்லை. “அக்கா, நான் டெம்பர் போடல்லக்கா” என்றேன்.

“முறிஞ்ச முகத்தைப் பாத்தப்பவே தெரியும்.”

“பின்னே ஏன் உங்க தப்புன்னு சொன்னீங்க?”

“நீ ஆச்சுன்னு சொன்னே. நான் பாக்காம ஒப்புப் போட்டேன். எது பெரிய தப்புன்னு இங்க நின்னு பேசாண்டாம். அந்தப் படகு வரட்டு.”

ஐந்தரைக்கு அது வந்தது. கரை தொடும் முன்பே அக்கா தண்ணீருக்குள் முழங்கால் அளவு இறங்கி, “விஞ்சைத் தொடாதீங்க! கையை எடுங்க!” என்று கத்தினார். படகிலிருந்தவர்கள் முதலில் சிரித்தார்கள். பிறகு அவர் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்தினார்கள். பின்னைக் கழற்றிக் கையில் வாங்கியபோது அக்கா அழுதார். அம்மா போனபோதுகூட நான் அப்படிப் பார்த்ததில்லை. அந்தப் பதினொரு பின்களுக்கும் பிறகு டெம்பர் போட்டுக் கொடுத்திருக்கலாம். அக்கா செய்யவில்லை. உள்ளே கீறல் விழுந்திருந்தால் வெளியில் தெரியாது என்று, பெரிய உலையில் வைத்துச் சிவக்கக் காய்ச்சி, உலையோடு உலையாக ஒரு நாள் முழுதும் ஆறவிட்டு, யாரும் எதற்கும் பயன்படுத்த முடியாத மெத்தென்ற இரும்பாக்கினார். புதிதாகப் பன்னிரண்டு செய்து கொடுத்தார்.

பத்ரோஸின் வைத்தியம், யார்டில் கையால் விஞ்ச் இழுக்காத வேறு வேலை, எல்லாவற்றுக்கும் அக்காதான் அலைந்தார். அதற்குப் பிறகு ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் அவர் வீட்டுக்குப் போனார். எங்கள் பட்டறைக்கு மட்டும் போற்றி கடைசியாகத்தான் வருவார் என்று ஆயிற்று. உலைக்குள் சரக்கு இருந்தால் அவர் வாசலில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருப்பார்.

செய்தி உறவுக்குள் பரவியது. அடுத்த தை மாதம் உறவில் ஒரு கல்யாணம். பந்தியில் நம் பெரியவர் ஒருவர், இன்று அவரும் இல்லை, பக்கத்து இலைக்காரரிடம் சொன்னார்: “பொம்பளப் புள்ள உலைப் பக்கம் போனா இப்படித்தான் வரும். அந்தத் தம்பி இருக்கப்போய் கடை நிக்கி.” நான் பிரதமன் பாயச வாளியோடு அவருக்கு எதிரில் நின்றுகொண்டிருந்தேன். எல்லாம் காதில் விழுந்தது. அவர் இலையில் இன்னொரு கரண்டி பிரதமன் ஊற்றினேன். இந்தப் பதினெட்டு வருடத்தில் நான் செய்த மானங்கெட்ட காரியம் எது என்று கேட்டால் அந்த ஒரு கரண்டி என்பேன். உலையை அணைத்தது அறியாமை. “ஆச்சு” என்றது பயம். அந்தக் கரண்டிக்கு அப்படி ஒரு பெயரும் சொல்ல முடியாது.

அக்காவுக்கும் அந்தப் பேச்சு தெரியும். ஒரு நாளும் என்னிடம் அதைப் பற்றிக் கேட்டதில்லை. பட்டறையில் வழக்கம்போல என்னைத் திட்டுவார், வழக்கம்போல மத்தியானம் தன் சோற்றுப் பாத்திரத்திலிருந்து எனக்கு அவியல் எடுத்து வைப்பார். ஆனால் அன்றிலிருந்து “ஆச்சா?” என்று என்னிடம் ஒருபோதும் கேட்கவில்லை. தானே போய் உலையைத் திறந்து பார்ப்பார். அதை நான் கவனித்தேன்.

நான்கு வருடத்துக்கு முன் அக்காவுக்குச் சிறுநீரகம் பழுதுபட்டது. வாரத்துக்கு இரண்டு தடவை டயாலிசிஸ். ஊசி குத்தும் நர்ஸ் பிள்ளைகளிடம் ஊசி என்ன ரக உருக்கு என்று விசாரித்துக்கொண்டிருப்பார். கடைசி மாதம் பேச்சு குறைந்தது. ஒருநாள் நானும் அவரும் மட்டும் இருந்தபோது, “அக்கா, அந்தப் பின் விஷயத்தை எல்லாருகிட்டயும் சொல்லீரட்டா?” என்று கேட்டேன்.

அவர் கண்ணைத் திறந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். “எங்கிட்ட எதுக்குலே கேக்கே? நான் வேண்டாம்னு சொல்லணும்னுதானே?” என்றார்.

அவர் சொன்னது அத்தனையும் உண்மை. வேண்டாம் என்று அவர் வாயால் வந்துவிட்டால் அந்தச் சுமை இறங்கிவிடும் என்றுதான் கேட்டிருக்கிறேன். எட்டாம் நாள் அக்கா போய்விட்டார். தைக்காட்டு மயானத்தில் சடங்குகள் முடியும்வரை பத்ரோஸ் தன் மனைவியோடு ஓரமாக நின்றிருந்தார். நான் அவர் பக்கம் போகவில்லை.

இந்த மலருக்குக் கட்டுரை எழுத வேண்டும் என்று அத்தான் சொன்னபோது, எழுதுவதற்கு முன் போக வேண்டிய இடம் ஒன்று உண்டு என்று தெரிந்தது. போன மாதம் விழிஞ்ஞம் போனேன். புதுத் துறைமுகத்தின் ராட்சச கிரேன்கள் தெரியும் சந்தில் பத்ரோஸின் வீடு. நடந்ததையெல்லாம் சொன்னேன். பூஜைக்காக உலையை அணைத்தது, ஆச்சு என்றது, ஒன்றையும் விடவில்லை. அவர் இடது கையால் வலது கையைப் பிடித்தபடி கேட்டுக்கொண்டிருந்தார்.

“சேச்சி வரும்போ எல்லாம் நீங்கதான் ஸ்கூட்டர்ல கொண்டு விடுவீங்க” என்றார், நான் சொல்லி முடித்ததும். “உள்ள வரமாட்டீங்க. வெயில்ல ரோட்டுலயே நிப்பீங்க. எத்தனையோ தடவை விளிச்சேன். நாங்க மீன்காரங்க, எங்க வீட்டுல ஒரு கிளாஸ் வெள்ளம் குடிக்க மாட்டாத ஆளுன்னு நினைச்சேன். இத்தனை வருஷமும் அதுதான் என் மனசுல. என் பிள்ளைங்களுக்கும் அப்படித்தான் சொல்லிக் கொடுத்தேன்.”

என் தலையில் யாரோ அடித்தது போல இருந்தது. நான் வெட்கத்தால் நின்றதை அவர் வேறொன்றாகப் படித்து, தன் பிள்ளைகளுக்கும் ஓதிவிட்டிருக்கிறார். நான் மறைத்த ஒரு சொல் அவர் வீட்டுக்குள் இப்படி ஒரு காயமாக வளர்ந்திருப்பது எனக்குத் தெரியவே தெரியாது. மன்னிப்பு கேட்டேன். “கோபம் இருக்கு. இல்லன்னு பொய் சொல்ல மாட்டேன்” என்றார் அவர். “சேச்சி இவ்வளவு பெரிய விஷயத்தை எங்கிட்டக்கூடச் சொல்லாம இருந்தாங்களே. நீங்க எழுதுங்க. என் பேரையும் வெச்சே எழுதுங்க. என் மகளுக்குத் தமிழ் வாசிக்க அறியாது, நீங்களே வந்து வாசிச்சுக் கொடுங்க. பிள்ளைங்களும் கேக்கட்டும்.” அவர் மனைவி பால் விடாத கட்டன் சாயா கொண்டுவந்து வைத்தார். குடித்துவிட்டு வந்தேன்.

நன்றி சொல்ல வேண்டியவர்கள் பலர். மூன்று வருடம் அக்காவைக் கைக்குழந்தை போலப் பார்த்துக்கொண்ட அத்தானுக்கும், வேலையை விட்டுவிட்டு வந்து கூட இருந்த அக்கா மகளுக்கும், டயாலிசிஸ் அறையில் சிரித்த முகத்தோடு பணிவிடை செய்த நர்ஸ் பிள்ளைகளுக்கும், பட்டறையைப் பூட்டாமல் நடத்திய தொழிலாளிகளுக்கும், முதல் பஸ்ஸைப் பிடித்து மலையிறங்கி வந்த பொன்முடித் தோட்டத்துப் பெண்களுக்கும் எங்கள் குடும்பத்தின் வணக்கம். ‘கத்தியக்கா’ என்று அவர்கள் அழுத அழுகையை நாங்கள் மறக்க மாட்டோம். பத்ரோஸுக்கும் அவர் மனைவிக்கும் நான் சொல்ல வேண்டியது நன்றி அல்ல. அதற்கு எனக்குச் சொல் கிடைக்கவில்லை.

உறவினர்களிடம் ஒரு வேண்டுகோள். இனி எந்தக் கல்யாண வீட்டிலாவது அந்தப் பின் பேச்சு எழுந்தால், முழுதாகச் சொல்லுங்கள். சோதிக்காமல் ஒப்புப் போட்டது அக்காவின் தப்பு. கேட்ட அந்த நிமிடத்திலேயே, கேட்டவரின் முகத்தைப் பார்த்து, அக்கா அதை ஒப்புக்கொண்டார். உலையை அணைத்ததும் பொய் சொன்னதும் என் தப்பு. அதைச் சொல்ல எனக்குப் பதினெட்டு வருடம் ஆயிற்று. கேட்க அக்கா இல்லை.

தம்பி,
மா. சிவதாணு
கரமனை, திருவனந்தபுரம்